ஐந்நூறு ஜிபியில் பதினான்கு விருந்தாளிகள்

சேஷாத்ரியின் பிழைப்பு, மற்றவர்களிடம் "அழியுங்கள்" என்று சொல்வது. சிட்னியின் பரமட்டா ஸ்டேஷனுக்குப் பக்கத்தில் ஒரு கண்ணாடிக் கட்டடத்தின் ஒன்பதாவது மாடியில் உட்கார்ந்து, பெரிய கம்பெனிகள் மலை மலையாகச் சேர்த்து வைத்திருக்கும் தகவல்களில் எதை வைத்துக்கொள்ளலாம், எதைக் கடாசலாம் என்று ஆலோசனை சொல்லுவார். "இடம் எப்போதும் போதும். மனசுதான் போதாது" என்பது ஒவ்வொரு மீட்டிங்கிலும் அவர் சொல்லும் வசனம். ஆங்கிலத்தில் சொல்லும்போது இன்னும் கொஞ்சம் எடுப்பாக இருக்கும், கேட்பவர்கள் குறிப்பெடுத்துக்கொள்வார்கள். அடுத்த ஸ்லைடில் இரண்டு விதிகள் வரும். ஒன்று, அழிப்பதற்கு முன் அது யாருடையது என்று கண்டுபிடி. இரண்டு, பிரதி எடுத்து வைக்காத எதுவும் உன்னுடையது இல்லை.

இப்பேர்ப்பட்டவரின் மெரிலேண்ட்ஸ் வீட்டு ஹாலில், டிவிக்குக் கீழே, ஐந்நூறு ஜிபி கொள்ளும் ஒரு பழைய கேம் கன்சோல் மூச்சு முட்டிக் கிடந்தது.

ஒன்பது வருடத்துக்கு முன் மகள் ஸ்ருதியின் எட்டாவது பிறந்தநாளுக்கு வாங்கியது. ஸ்ருதி அதைச் சரியாக இரண்டு மாதம் சீண்டிவிட்டு, கீபோர்டும் வயலினும் நீச்சல் கண்ணாடியும் போன வழிக்கே அனுப்பிவிட்டாள். அதற்குப் பிறகு அது வீட்டுக்குப் பொதுவாயிற்று. வீட்டுக்கு என்றால், வீட்டுக்கு வருகிறவர்களுக்கு. சிட்னியில் தமிழர் வீட்டு ஞாயிற்றுக்கிழமை விருந்தில் பெரியவர்கள் சாப்பிட அரைமணி, பேச மூன்று மணி ஆகும். அந்த மூன்று மணிநேரம் பிள்ளைகளை எங்கே வைப்பது? கன்சோலில்தான். வந்த பிள்ளைக்கு முதலில் ஒரு டம்ளர் ஜூஸ், பிறகு கன்சோலில் அதன் பெயரில் ஒரு அக்கவுண்ட், பிறகு அது ஆசைப்பட்ட ஒரு கேம். விருந்தாளிக்குத் தட்டு வைக்கிற மாதிரி. தட்டையாவது அவர்கள் கிளம்பியதும் கழுவிக் கவிழ்த்துவிடலாம். அக்கவுண்ட்டை என்ன செய்வது? அடுத்த தடவை வந்து "என்னோடது எங்க அங்கிள்" என்று கேட்டால் எந்த முகத்தை வைத்துக்கொண்டு பதில் சொல்வது? திரும்பிப் போகும்போது காரில் அது அம்மாவிடம் சொல்லாமல் இருக்குமா?

ஆகவே ஒன்பது வருடத்தில் பதினான்கு பேர் உள்ளே குடியேறியிருந்தார்கள். பெர்த்துக்கு மாறிப்போன வெங்கட்ராமனின் இரட்டைப் பையன்கள் தங்கள் பந்தயக் கார்களோடு அறுபத்திரண்டு ஜிபியில் இருந்தார்கள். இப்போது மெடிசின் படிக்கும் யாமினிக்கு ஒரு குதிரைப் பண்ணை, முப்பத்தொன்று. சுதர்சன் என்று ஒருவன். அவன் யார் வீட்டுப் பிள்ளை என்று சேஷாத்ரிக்கும் தெரியாது, மனைவி வைதேகிக்கும் தெரியாது. ஆனால் அவனுடைய கால்பந்து அணி நாற்பத்துநான்கு ஜிபியில் பத்திரமாக இருந்தது. பெட்டியில் ஐந்நூறு என்று அச்சடித்திருந்தாலும் கையில் வருவது நானூறு சொச்சம்தான். மீதியை கன்சோல் தன் சொந்தச் செலவுக்கு எடுத்துக்கொள்ளும்.

எல்லாரிலும் பெரிய விருந்தாளி தாட்சாயினி. பிளாக்டவுன் வரதராஜாவின் மகள். அவளுக்கென்று வைத்திருந்தது ஒரு போர் விளையாட்டு: ஹெலிகாப்டர்கள், இடிந்த கட்டடங்கள், ஓயாமல் குண்டு. நூற்று முப்பத்தொன்று ஜிபி.

அதில் கை வைக்க முடியாததற்குக் காரணம் இருந்தது. பதினொரு வருடத்துக்கு முன் சேஷாத்ரியும் வைதேகியும் இரண்டு பெட்டியும் ஆறு வயதுக் குழந்தையுமாகச் சென்னையிலிருந்து வந்து இறங்கியபோது, அறிமுகமே இல்லாத வரதராஜா தன் வேனின் கூரையில் ஒரு மெத்தையைக் கட்டிக்கொண்டு வந்து இறக்கினார். யாழ்ப்பாணத்துக்காரர், பஸ் ஓட்டுகிறவர். "தம்பி, நித்திரை ஒழுங்காக் கொண்டால்தான் இந்த நாடு பிடிபடும்" என்று சொல்லிவிட்டுத் தேநீர்கூடக் குடிக்காமல் போனார். அந்த மெத்தையில்தான் சேஷாத்ரி இன்றைக்கும் படுக்கிறார். ஆறேழு வாரத்துக்கு ஒரு ஞாயிறு அந்தக் குடும்பம் சாப்பிட வரும். சாப்பிட்டதும் தாட்சாயினி கன்சோலுக்குப் போவாள், வரதராஜா பின்கட்டுக்குப் போய்க் கறிவேப்பிலைச் செடியைப் பார்த்துக்கொண்டு அரைமணி நிற்பார். அப்படி ஒரு செடிப் பித்து. அதை மதித்து சேஷாத்ரி அவருடைய ஐம்பதாவது பிறந்தநாளுக்கு மூன்று கறிவேப்பிலைக் கன்றுகளைப் பரிசளித்திருந்தார்.

சரி, இத்தனை பேருக்கு இடம் கொடுத்தவர் தனக்கென்று என்ன வைத்துக்கொண்டார்? ஒரே ஒரு கிரிக்கெட் விளையாட்டு.

அதில் ஒரு இளைஞனைப் படைத்து, பதினேழு வயதிலிருந்து வளர்த்து, நாட்டுக்கு ஆடவைத்து, நாற்பது வயதில் ஓய்வு கொடுத்து அனுப்பவேண்டும். சேஷாத்ரியின் ஆளுக்குப் பெயர் சேஷாத்ரி. தொடக்க ஆட்டக்காரர். நிஜ சேஷாத்ரிக்கு இடுப்பில் ஒரு டயர் உண்டு, அவருக்குக் கிடையாது. வயது முப்பத்தெட்டு. டெஸ்ட் போட்டிகளில் இதுவரை ஒன்பதாயிரத்து எண்ணூற்று எழுபத்தொன்று. பத்தாயிரத்துக்கு இன்னும் நூற்று இருபத்தொன்பதுதான். வைதேகி ஸ்ருதியை டான்ஸ் கிளாஸுக்குக் கூட்டிக்கொண்டு போகும் சனிக்கிழமைக் காலை இரண்டு மணிநேரத்தில், பாத்திரம் தேய்ப்பதாக ஒப்புக்கொண்ட நேரத்தில், ஏழு வருடமாகச் சேர்த்த ரன்கள் அவை.

லார்ட்ஸில் அடித்த இருநூற்றுப் பன்னிரண்டை, ஆபீஸ் காபி மெஷினுக்கு முன்னால் நரேன் என்கிற அப்பாவியிடம் பந்து பந்தாக விவரித்திருக்கிறார். சமீப காலமாகச் சராசரி ஏறிக்கொண்டே போவதையும் கவனித்திருந்தார். "வயசு ஏற ஏற ஒரு நிதானம் வரது பாரு" என்று நரேனிடமும், வீட்டுக்குச் சாப்பிட வந்தவர்களிடமும் சொன்னார். நரேன் காபியை எடுத்துக்கொண்டு நகர்ந்துவிட்டான்.

அப்படி ஒரு சனிக்கிழமைதான் திரையில் அறிவிப்பு வந்தது. விளையாட்டைப் புதுப்பித்தால்தான் இனி ஆட்டம் திறக்குமாம். புதுப்பிக்க இருபத்தைந்து ஜிபி. பழைய கன்சோல் அல்லவா, இருபத்தைந்து ஜிபி பொட்டலத்தைப் பிரிக்க ஐம்பது ஜிபிக்கு மேஜை வேண்டும் என்றது. மிச்சம் இருந்தது மூன்று.

"வெளியிலிருந்து ஒரு டிஸ்க் வாங்கி மாட்டுங்களேன்" என்று நீங்கள் கேட்கலாம். வைதேகியும் கேட்டாள். ஆனால் அது முடியாது. இரண்டு மாதத்துக்கு முன் வைதேகி கராஜில் இன்னொரு அலமாரி வேண்டும் என்று கேட்டிருந்தாள். இரண்டு லிட்டர் ஐஸ்கிரீம் டப்பாக்கள், ஹரிஸ் பார்க் கடைகளில் கறி கட்டிக் கொடுத்த பிளாஸ்டிக் பெட்டிகள், அவற்றின் மூடிகள், எதற்கும் பொருந்தாத மூடிகள் எல்லாம் சமையலறையில் அடங்காமல் சலவை மெஷின்மேல் ஏறியிருந்தன. அப்போது சேஷாத்ரி தன் ஸ்லைடுகளில் பாதியை மனப்பாடமாக ஒப்பித்தார். இடத்தைக் கூட்டுவது தீர்வல்ல, அது வியாதிக்குத் தீனி போடுவது என்றார். இப்போது அவர் ஒரு டிஸ்க் வாங்கிக்கொண்டு வாசல்படி ஏறினால், பின்னாலேயே அலமாரியும் ஏறும்.

"வாங்கலையா?" என்றாள் வைதேகி.

"வேணாம். ஒழுங்கு பண்ணினா போதும்."

"ஆமாமா. இடம் எப்பவும் போதும், மனசுதான் போதாது" என்று அவள் ஒரு மூடியை எடுத்து நான்காவது டப்பாவில் பொருத்திப் பார்த்தாள். பொருந்தவில்லை. திரும்ப வைத்துக்கொண்டாள்.

ஒழுங்கு பண்ணினார். யார் யாரோ பொத்தான் தவறி எடுத்த படங்களையும் வீடியோத் துணுக்குகளையும் ஒன்றொன்றாக அழித்தார். ஒரு வாரம் ஆபீஸ் விட்டு வந்து உழைத்ததில் இரண்டு ஜிபி கிடைத்தது. அதை அப்படியே கன்சோல் ஏதோ சொந்த வேலைக்கு விழுங்கிவிட்டு மறுபடி மூன்று என்றது. பிறகு ஆட்களுக்கு வந்தார். சுதர்சனை எடுத்தார். யாரென்றே தெரியாதவனை அழிப்பதில் என்ன பாவம்? அழிக்குமுன் சும்மா உள்ளே எட்டிப் பார்த்தார். அவனுடைய அணி பட்டியலில் மூன்றாவது இடத்தில், இன்னும் இரண்டு மேட்ச் பாக்கியோடு நின்றிருந்தது. நல்லாத்தானே ஆடியிருக்கான் பாவம் என்று மூடிவிட்டார். யாமினியின் பண்ணையைத் திறந்தார். ஐந்து வருடமாகத் தீனியில்லாத ஒரு குதிரை வேலி ஓரம் வந்து அவரைப் பார்த்தது. அவர் அதற்குப் புல் வைத்துவிட்டு வெளியே வந்தார். இரட்டையர்கள் கிறிஸ்மஸுக்கு சிட்னி வருவதாக யாரோ சொன்ன ஞாபகம்.

கம்பெனி கம்பெனியாக ஏறி அழிக்கச் சொன்ன மனிதர் இவர்தான்.

அடுத்த சனிக்கிழமை வந்தது. மறுநாள் வரதராஜா குடும்பம் சாப்பிட வரவேண்டிய ஞாயிறு. வைதேகியின் கார் தெருமுனை திரும்பியதும் சேஷாத்ரி சோபாவின் நுனியில் உட்கார்ந்து ஒரு முடிவுக்கு வந்தார். நூற்று முப்பத்தொன்றுதான் வழி. அந்தப் பெண்ணுக்கு இருபது வயது. பார்மஸி படிக்கிறாள். பிளாக்டவுன் பெண்கள் கிரிக்கெட் அணிக்குத் தொடக்க ஆட்டக்காரி. அவளுக்கு இது இனி எதற்கு? ஆனால் ஒவ்வொரு தடவையும் வந்து தவறாமல் அரைமணி நேரம் உட்காருகிறாளே? விளையாட்டை மட்டும் அழித்தால் வேண்டுமென்று அழித்தது தெரிந்துவிடும். அக்கவுண்ட்டோடு காணாமல் போனால், பழைய மெஷினுக்கு ஏதோ நோய் என்று சொல்லிக்கொள்ளலாம். ஆளைக் காலி பண்ணினால் சாமானும் கூடவே போகும் என்று ஒரு கணக்கு வேறு. ஆபீசில் ஒரு ஜூனியர் இப்படிச் சொல்லியிருந்தால், அவனை நிற்க வைத்து ஸ்லைடு போட்டுக் காட்டியிருப்பார்.

பட்டியலைத் திறந்தார். ஸேஷ் என்று ஒன்று, டை கட்டிய பெங்குவின் படத்தோடு. அது தன்னுடையது, ஒரு தந்தையர் தினத்துக்கு ஸ்ருதி செய்து கொடுத்தது. கீழே பிள்ளைகள் வரிசையாக: ராக்கெட், பூனை, மண்டையோடு, டிராகன். நடுவில் ஓப்பனர் 07 என்று ஒன்று. தொடக்க ஆட்டக்காரி வேறு யார்? ஏழு அவளுடைய சட்டை எண்ணாக இருக்கும்.

'இந்தப் பயனர் சேமித்த அனைத்தும் அழிந்துவிடும். திரும்பப் பெற முடியாது. உறுதியா?' என்று மெஷின் கேட்டது. எச்சரிக்கையைப் படிக்காமல் அமுக்குகிறவர்களைப் பற்றி சேஷாத்ரியிடம் தனியாக ஒரு ஸ்லைடு உண்டு. அமுக்கினார்.

திரை கருத்து, வெளிச்சமாகி, வாசலுக்கு வந்து நின்றது. 'விளையாடப்போவது யார்?'

என்னடா இது என்று நினைத்தார். அவளைத்தானே வெளியே அனுப்பினோம், என்னை ஏன் தெருவில் நிறுத்துகிறது? பெங்குவினைத் தொட்டார். 'நல்வரவு' என்றது மெஷின், புதிதாக வந்தவரை வரவேற்கும் அந்த அசட்டுக் குரலில். பொத்தான்களை எப்படிப் பிடிப்பது என்று படம் போட்டுக் காட்டிற்று. சேமித்தவற்றின் பட்டியலுக்கு ஓடினார். கிரிக்கெட்: எதுவும் இல்லை. இட நிலவரத்தைப் பார்த்தார். போர் விளையாட்டு நூற்று முப்பத்தொன்று ஜிபியோடு ஒரு கீறலும் இல்லாமல் இருந்தது. மிச்சம், மூன்று ஜிபி.

ஏழு வருடமாக அவர் செய்தது இதுதான்: மெஷினைப் போட்டு, கண்ணாடி மாட்டாமல், பொத்தானை இரண்டு தரம் தட்டுவது. யாரோ எப்போதோ அமைத்து வைத்தபடி மெஷின் எப்போதும் ஒரே அக்கவுண்ட்டில்தான் தானாகத் திறக்கும். அது யார் பெயரில் திறக்கிறது என்று திரை மூலையில் எழுதியிருக்கும். அவர் பார்த்ததெல்லாம் ஸ்கோரை மட்டும்தான். ஒன்பதாயிரத்து எண்ணூற்று எழுபத்தொன்று ரன்களும் ஓப்பனர் 07 வீட்டில் வாடகைக்கு இருந்திருக்கின்றன.

பிரதி? அதைக் கேட்காதீர்கள்.

ஞாயிற்றுக்கிழமை பன்னிரண்டரைக்கு வரதராஜா வந்தார், மனைவி பவளமும் மகளும் பின்னால். பவளத்தின் கையில் வைதேகியின் ஐஸ்கிரீம் டப்பாக்கள் நான்கு. போன தடவை புளியோதரையும் வற்றல் குழம்பும் கொண்டுபோனவை, இப்போது பயற்றம் பணியாரமும் கத்தரிக்காய்ப் பால்கறியும் சுமந்து திரும்பியிருந்தன. கூடவே, "சும்மா கிடந்தது" என்று இரண்டு புது டப்பாக்கள்.

வரதராஜா நாற்காலியில் உட்கார்ந்து சேஷாத்ரியின் முகத்தைப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"என்ன தம்பி, ஊரில ஆரேனும் மோசம் போயிட்டினமே?"

"ஒரு பேட்ஸ்மேன் போயிட்டார்" என்றாள் வைதேகி, சமையலறையிலிருந்து. "முப்பத்தெட்டு வயசு. நேத்துலேந்து இவர் சரியா சாப்பிடலை."

"ஐயோ, சின்ன வயசு. ஆர் அது, இந்தியாக்காரரோ?"

"ஒண்ணுமில்லேண்ணா" என்றார் சேஷாத்ரி. பிறகு தாட்சாயினியைப் பார்த்தார். அவள் செருப்பைக் கழற்றிவிட்டு வழக்கம்போல ஹாலின் மூலைக்குப் போய்க்கொண்டிருந்தாள். தன் துக்கத்துக்கு நடுவிலும் அவளிடம் சொல்லவேண்டிய பொய் ஒன்று பாக்கி இருந்தது அவருக்கு நினைவு வந்தது.

"தாட்சா, ஒரு விஷயம்மா. பழைய மெஷின் பாரு... உன் அக்கவுண்ட் தானாவே போயிடுத்து. நான் ஒண்ணும் பண்ணலை."

"என்ட தானே?" அவள் திரையைப் பார்த்தாள். "இல்லையே அங்கிள். இருக்கே. டிராகன்."

"டிராகன் உன்னோடதா?"

"ஓம். இயர் சிக்ஸ்ல வைச்சது. எம்பாரஸிங், எனக்கும் தெரியும்." கண்ணை ஓட்டிவிட்டுத் திரும்பினாள். "உங்கட தான் இல்லை. ஓப்பனர் செவன் எங்க?"

சேஷாத்ரி சோபாவின் திண்டைத் தட்டிச் சரிசெய்தார்.

"அது நான் உங்களுக்கு மேக் பண்ணித் தந்தது. முதல் நாள், கிரிக்கெட் போடேக்க. நீங்கள் ஓப்பனர், சென்னையில லீக்ல ஒரு மேட்ச் விளையாடி ஏழு ரன் அடிச்சனீங்கள் எண்டு சொன்னீங்கள். நான் அதை நம்பரா வைச்சனான்."

சமையலறையில் கரண்டிச் சத்தம் நின்றது. "ஏழா?" என்றாள் வைதேகி. "எங்கிட்ட நாப்பத்தேழுன்னு சொன்னார். பொண்ணு பார்க்க வந்தப்போ."

"அது வேற மேட்ச்" என்றார் சேஷாத்ரி. ஹாலில் இருந்த எல்லாரும் அதைப் பெருந்தன்மையாகக் கடந்து போனார்கள்.

"அங்கிள், நீங்களே அழிச்சீங்களோ? ஒம்பதாயிரத்துக்கு மேல இருந்ததே." தாட்சாயினி உண்மையிலேயே அதிர்ந்து போயிருந்தாள். "லார்ட்ஸ் டபுள் ஹண்ட்ரட்டும் போயிட்டுதோ? நோ வே. அது நான் எவ்வளவு கஷ்டப்பட்டு அடிச்சது."

இந்த இடத்தில் அவள் நிறுத்தியிருக்கலாம். நிறுத்தவும் செய்தாள். ஆனால் வாக்கியம் வெளியே வந்துவிட்டது.

"நீ அடிச்சதா?" என்றார் சேஷாத்ரி.

"சொறி அங்கிள். நான் இயர் டென்னோட போர் கேமை விட்டுட்டன். போரிங். ஆனா இஞ்ச வந்தால் அப்பா போய் விளையாடு எண்டுவார். அதால உங்கட ஆளை எடுத்துக் கொஞ்சம் பேட் பண்ணுவன். நீங்கள் நாப்பத்தொண்டில விட்டிட்டுப் போயிருந்தீங்கள், நான் மிச்சத்தை..."

"கொஞ்சம்னா எவ்வளவு?"

"தெரியேல்லை. ஒரு மூவாயிரம்?"

சேஷாத்ரி கண்ணை மூடிக்கொண்டார். அந்த இருநூற்றுப் பன்னிரண்டின் ஒவ்வொரு அடியும் அவருக்கு நினைவிருந்தது. கவரில் போன பந்து, முழங்கால் மடங்கிய கோணம், நூற்றைத் தாண்டியதும் ஹெல்மெட்டைக் கழற்றியது. அடிக்காத இன்னிங்ஸை ஒரு மனிதனால் இவ்வளவு துல்லியமாக நினைவில் வைத்திருக்க முடியுமா? முடியும் போலிருக்கிறது. வயது ஏற ஏற வருகிற நிதானத்துக்கு இருபது வயது, பார்மஸி படிக்கிறது.

பாதிப் பேச்சில்தான் அவருக்கு இன்னொன்று உறைத்தது. "இரு. போர் கேமை நீ ஆடறதே இல்லையா? நாலு வருஷமா நான் அதை உனக்குன்னு வெச்சிண்டிருக்கேன். நூத்து முப்பத்தொரு ஜிபி. எனக்கு இடமில்லாம..."

"அப்பா தான் சொன்னவர்" என்று அவள் கையைக் காட்டினாள்.

எல்லாரும் வரதராஜாவைப் பார்த்தார்கள். அவர் சங்கடத்தோடு எழுந்து, வழக்கம்போலக் கறிவேப்பிலையை நோக்கி நகரப் பார்த்தார். பவளம் வழியை மறித்துக்கொண்டு நின்றாள்.

"இருங்கோ. இண்டைக்காவது கதையுங்கோவன்."

"அதில்லைத் தம்பி" என்றார் வரதராஜா. "எங்கட பிள்ளைக்கெண்டு ஒருத்தர் தன்ர வீட்டில இவ்வளவு இடம் ஒதுக்கி வைச்சிருக்கிறார். ஏனோதானோ எண்டு விட்டால் மரியாதையோ? அதுதான், போய்க் கொஞ்ச நேரமெண்டாலும் போட்டுட்டு வா எண்டு அனுப்புறனான். உங்களுக்கு மனம் நோகக்கூடாது பாருங்கோ."

"எனக்கு நோகுமா?" என்றார் சேஷாத்ரி. "நான் உங்களுக்கு நோகும்னு வெச்சிருந்தேன்."

"நல்ல சோடி" என்றாள் பவளம். "இவர் தான் அதைவிட மோசம். தம்பி, இவருக்கு அந்த ஹெலிச் சத்தம் ஆகாது. அந்தக் காலத்திலயிருந்தே. டிவியில வந்தாலும் எழும்பிப் போயிடுவார். இஞ்ச வந்தால் எங்க போறது? அதுதான் பின்னுக்குப் போய்க் கறிவேப்பிலையோட நிக்கிறவர். மழைக்குள்ளயும் நிண்டவர்."

"அவரு செடிப் பிரியர்னு..." என்றார் சேஷாத்ரி. மூன்று கன்றுகள் கொடுத்தது நினைவுக்கு வந்தது.

"செடியோ? எங்கட வீட்டில உள்ள மூண்டுக்கும் தண்ணி ஊத்துறது நான்" என்றாள் பவளம்.

நான்கு வருடமாக ஒருவர் வராத சத்தத்துக்குப் பயந்து மழையில் நின்றிருக்கிறார். இன்னொருவர் அந்தச் சத்தத்தைப் போற்றிப் பாதுகாத்து, தன் பத்தாயிரத்தைப் பறிகொடுத்திருக்கிறார். நடுவில் ஒரு பெண் தனக்குப் பிடிக்காத விளையாட்டை ஆடுவதாகப் பேர் பண்ணி அரைமணி உட்கார்ந்து, அடுத்தவர் பெயரில் சதம் அடித்திருக்கிறாள். யாரும் யாரையும் நோகடிக்கவில்லை. அவ்வளவு மரியாதை.

சேஷாத்ரி கன்ட்ரோலரை எடுத்தார். பட்டியலைத் திறந்து போர் விளையாட்டின்மேல் கொண்டுபோய் நிறுத்தினார். அழிக்கவா என்று மெஷின் கேட்டதும், கன்ட்ரோலரை வரதராஜாவின் கையில் கொடுத்தார்.

"நீங்க அமுக்குங்கோண்ணா."

"நானோ? எதையேனும் பழுதாக்கிப் போடுவன் தம்பி."

"அந்தப் பெருக்கல் குறி போட்ட பொத்தான்."

முப்பது வருடமாக பஸ்ஸின் ஸ்டியரிங்கைப் பிடித்தவர், இரண்டு கையாலும் அந்தச் சின்னச் சாமானைப் பிடித்து, ஒரு விரலால் மெதுவாக அமுக்கினார். சுழன்றுகொண்டிருந்த ஒரு வட்டம் நின்றது. எல்லா ஹெலிகாப்டரும் போய்விட்டன.

"அவ்வளவுதானோ?" என்றார் வரதராஜா.

"அவ்வளவுதான்."

"சத்தம் ஒண்டும் வரேல்லை."

மிச்சம், நூற்று முப்பத்துநான்கு ஜிபி. சாப்பிட்டு முடிப்பதற்குள் புதுப்பித்தல் இறங்கி உட்கார்ந்துவிட்டது. ஆனால் திறந்து பார்க்க உள்ளே ஆள் இல்லை. தாட்சாயினி பெங்குவினைத் தேர்ந்தெடுத்து, மூலையில் எழுதியிருந்த பெயரை அவரிடம் வாசித்துக் காட்டச் சொன்னாள். அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, "ஸேஷ்" என்று வாசித்தார். "குட்" என்றாள். பிறகு ஒரு புது ஆள். பதினேழு வயது. டயர் இல்லை.

"இந்தத் தடவை நீ தொடாதே" என்றார்.

"புரொமிஸ் அங்கிள். ஆனா மறுமுனையில நான் இறங்குறன். டூ பிளேயர்."

வரதராஜா கறிவேப்பிலைக்குப் போகவில்லை. தட்டை வைத்துவிட்டு வந்து, அந்த ஹாலில் முதல்முறையாகச் சோபாவில் சாய்ந்து உட்கார்ந்து, காலை நீட்டிக்கொண்டார். டிவியில் கூட்டம் கைதட்டியது. அந்தச் சத்தம் அவரை ஒன்றும் செய்யவில்லை.

முதல் பந்து வெளியே போனது. இரண்டாவதை சேஷாத்ரி கவரில் அனுப்பினார்; நான்கு. கழுத்தைத் திருப்பி எல்லாரையும் பார்த்தார். வைதேகிகூட ஒரு டப்பாவைத் துடைத்தபடி வந்து நின்றிருந்தாள். அதே கவரில் இன்னொன்றை அனுப்ப ஆசைப்பட்டு மட்டையை வீசினார். ஸ்டம்ப் பறந்தது.

நான்கு ரன். நிஜ வாழ்க்கையில் எடுத்ததைவிட மூன்று குறைவு.

"கால் நகரேல்லைத் தம்பி" என்றார் வரதராஜா.

"நிதானம் வரணும் அங்கிள். வயசு ஏற ஏற வரும்" என்றாள் தாட்சாயினி.

யாரிடமிருந்து இவளுக்கு இந்த வசனம் போனது என்று சேஷாத்ரி யோசிக்கவில்லை. அவர் வேறு கணக்கில் இருந்தார். இன்னும் ஒன்பதாயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றாறு. ஓய்வு பெற இருபத்துமூன்று வருடம் இருக்கிறது. இடமும் இருக்கிறது.

"அந்த அலமாரி" என்றாள் வைதேகி, ஆறு டப்பாக்களைக் கையில் அடுக்கிக்கொண்டு.

"வாங்கிக்கலாம்" என்றார் அவர், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "அடுத்த இன்னிங்ஸ் போடும்மா."